கான்ஃபரன்ஸ்னா என்ன? நேப்பர்வில் பக்கம் புதுசா வந்த அப்பா அம்மாக்களுக்கு

போன அக்டோபர்ல ஒரு நாள் ராத்திரி எங்க கீழ் வீட்டுத் தங்கச்சி வந்து கதவத் தட்டுச்சு. ஊருல இருந்து வந்து மூணு மாசம்தான் ஆகுது, பையன் ஒம்பதாவது சேர்ந்திருக்கான். "அண்ணா, சனிக்கிழமை காலைல கான்ஃபரன்ஸ் இருக்குன்னு சொல்றான், நாங்க ரெண்டு பேருமே வரணுமா, அவரு கோட்டு கீட்டு போட்டுக்கணுமா"ன்னு கேட்டுச்சு. பின்னாடி நின்ன பையன் தலையில அடிச்சுக்கிட்டான். டீச்சர பாத்து மார்க்கு பேசுற கான்ஃபரன்ஸ்னு இது நெனச்சிருக்கு, அவன் சொன்னது கிராஸ் கன்ட்ரி கான்ஃபரன்ஸ் மீட், அதாவது மூணு மைல் ஓட்டப் பந்தயம், அங்க கோட்டு போட்டுட்டு போனா சேறுதான் மிஞ்சும்.

சிரிக்கிறதுக்கு எனக்கு யோக்யதை இல்ல. எங்க பொண்ணு ஒம்பதாவது படிக்கிறப்ப மொத தடவ ஃபுட்பால் மேட்ச் (கையில பந்தத் தூக்கிட்டு ஓடுற அமெரிக்கன் ஃபுட்பால்) பாக்கப் போய், பார்க்கிங் பக்கத்துலயே கேலரி இருக்கேன்னு ஏறி உக்காந்து, அரை மணி நேரம் நல்லா கைதட்டிட்டு இருந்தேன். அது எதிர் ஸ்கூல் பக்கம். என் பொண்ணு அந்தாண்ட பக்கத்துல இருந்து மெசேஜ் போட்டா, "அப்பா, ப்ளீஸ், அங்கேயே இரு, இப்ப எந்திரிச்சு வராத, எல்லாரும் பாக்குறாங்க"ன்னு. நான் அப்புறம் மெல்ல மெல்லக் கத்துக்கிட்டத இங்க சொல்றேன், சிகாகோவுக்கு மேற்கால இருக்குற எங்க ஏரியாவ வச்சே சொல்றேன், ஏன்னா எனக்குத் தெரிஞ்சது அதுதான்.

மொதல்ல ஒரு விஷயம். நம்ம ஊருல ஸ்கூல் விளையாட்டுன்னா குறுவட்டம், மாவட்டம், மாநிலம்னு படிப்படியா மேல போற ஏணி ஒண்ணு இருக்கும், தோத்தா அந்த வருஷம் கதை முடிஞ்சுது. அந்த ஏணி இங்கயும் இருக்கு. இல்லினாய்ஸ்ல அத நடத்துறது ஐ.எச்.எஸ்.ஏ-ன்னு ஒரு சங்கம், 1900-ல ஆரம்பிச்சது, 800-க்கு மேல ஸ்கூல் அதுல மெம்பர். ரீஜனல், செக்ஷனல், ஸ்டேட்னு போகும். ஆனா அது சீசனோட கடைசில வர்ற விஷயம். அதுக்கு முன்னாடி ரெண்டு ரெண்டரை மாசம் பசங்க யார்கூட ஆடுவாங்க? தினம் பிராக்டிஸ் பண்ணிட்டே உக்காந்திருக்க முடியுமா? அந்த ரெண்டரை மாசத்த ரொப்புறதுக்கு அக்கம்பக்கத்து ஸ்கூலுங்க தங்களுக்குள்ள போட்டுக்கிற ஒப்பந்தம்தான் கான்ஃபரன்ஸ்.

தெருவுல ஒரு ஏழெட்டு வீடு சேர்ந்து சீட்டு போடுவாங்க இல்லையா, அந்த மாதிரின்னு வச்சுக்கோங்க. எந்த கவர்மென்ட்டும் வந்து நீ இதுல சேருன்னு சொல்றதில்ல, ஒத்துவராதுன்னு பட்டா விலகிக்கலாம், புதுசா ஒருத்தர் வந்தா பழைய ஆளுங்க ஒத்துக்கணும். சீட்டுல கட்டுறது பணம், இங்க கட்டுறது தேதி. "வருஷா வருஷம் இந்த வெள்ளிக்கிழமை நான் உன் கிரவுண்டுக்கு வர்றேன், அடுத்த வருஷம் நீ என் கிரவுண்டுக்கு வா"ங்கறதுதான் மூலப் பத்திரம். இன்னொண்ணு, இதுல மேல ஏறுறது கீழ எறங்குறது கிடையாது. ஐரோப்பா ஃபுட்பால் பாக்குறவங்க லீக்குன்னதும் கடைசி டீம வெளிய தள்ளிருவாங்கன்னு நெனப்பாங்க. இங்க பத்து வருஷம் தொடர்ந்து தோத்தாலும் நீ உள்ளதான், ஜெயிச்சுக்கிட்டே இருந்தாலும் நீ அதே இடத்துலதான்.

சரி, யாரு யாரோட சேருறாங்க? பெரும்பாலும் தெறமை பாத்து இல்ல. முக்கியமா ரெண்டு விஷயம்தான், பஸ்ஸு எவ்ளோ தூரம் ஓடணும், ஸ்கூல்ல எத்தனை பசங்க இருக்காங்க. பஸ்ஸு புரியும், செவ்வாய்க்கிழமை சாயங்காலம் வாலிபால் ஆடிட்டு வந்து அடுத்த நாள் காலைல கெமிஸ்ட்ரி டெஸ்ட் எழுதணும், ரெண்டு மணி நேரம் போற ஊருல எல்லாம் வாராவாரம் ஆட முடியாது. பசங்க எண்ணிக்கை ஏன்னா, ஒரு ஸ்கூல்ல இருந்து ஒரு டீம் மட்டும் வர்றதில்ல. வார்சிட்டின்னு பெரிய டீமு, அதுக்குக் கீழ ஜே.வி, அதுக்குக் கீழ பத்தாவது பசங்களுக்கு சோஃபமோர், ஒம்பதாவது பசங்களுக்கு ஃப்ரெஷ்மன்னு இருக்கும். நீ நாலு டீம் கூட்டிட்டு வந்தா நானும் நாலு டீம் நிறுத்தணும். 600 பசங்க இருக்குற ஸ்கூலும் 2500 பசங்க இருக்குற ஸ்கூலும் ஒரே கான்ஃபரன்ஸ்ல இருந்தா சின்ன ஸ்கூல்காரன் ரெண்டாவது டீமுக்கே ஆள் தேடணும். இத எல்லாம் உக்காந்து பேசி முடிக்கிறது ஒவ்வொரு ஸ்கூல்லயும் இருக்குற அத்லெடிக் டைரக்டர், ஏ.டி-ன்னு சொல்வாங்க. மழ வந்தாலும் இடி இடிச்சாலும் மூணு மணிக்கு எல்லாருக்கும் ஈமெயில் அடிக்கிற பாவப்பட்ட ஜீவன் அவருதான்.

எங்க கான்ஃபரன்ஸ் பேரு டூபேஜ் வேலி, டி.வி.சி-ன்னுதான் பசங்க சொல்வாங்க. 2019-க்கு அப்புறம் அதுல ஆறு ஸ்கூலு. நேப்பர்வில் சென்ட்ரல், நேப்பர்வில் நார்த், நியூக்வா வேலி, வாபான்ஸி வேலி, மெட்டியா வேலி, அப்புறம் தள்ளி மேற்கால டெகால்ப். ஒவ்வொருத்தருக்கும் ஒரு பட்டப்பேரு உண்டு, சென்ட்ரல் ரெட்ஹாக்ஸ், நார்த் ஹஸ்கீஸ், நியூக்வா வைல்ட்கேட்ஸ், வாபான்ஸி வாரியர்ஸ், மெட்டியா மஸ்டாங்ஸ். பருந்து, நாயி, காட்டுப் பூனை, போர்வீரன், குதிரைன்னு வரிசையா வருதா, டெகால்ப் மட்டும் பார்ப்ஸ். எனக்கு ரொம்ப நாள் புரியல. அது முள்ளுக்கம்பி! 1874-ல ஜோசப் கிளிட்டன்னு டெகால்ப் விவசாயி ஒருத்தர் முள்ளுக்கம்பி வேலிக்கு பேட்டன்ட் வாங்கினாரு, அந்த ஊரே அதுல சம்பாதிச்சு வளந்த ஊரு, அதனால பசங்க டீமுக்கு முள்ளுன்னு பேரு. இந்த ஆறு பேர்ல எனக்கு ரொம்பப் புடிச்ச பேரு அதுதான், மத்ததெல்லாம் அமெரிக்கா பூரா ஆயிரம் ஸ்கூலுக்கு இருக்கும்.

டெகால்பத் தவிர மீதி அஞ்சும் ஒண்ணுக்கொண்ணு கூப்பிடு தூரம். இங்கதான் ரைவல்ரி கதை ஆரம்பிக்குது, இது புரியணும்னா ஊரு வளந்த கதை கொஞ்சம் தெரியணும்.

நேப்பர்வில் ஒரு காலத்துல சோளக்காட்டுக்கு நடுவுல இருந்த சின்ன டவுனு, ஒரே ஒரு ஹைஸ்கூலு. 1966-ல பெல் லேப்ஸ் இங்க வந்துச்சு, ஹைவே ஓரமா ஒண்ணு பின்னாடி ஒண்ணா ஆராய்ச்சிக் கூடமும் ஆஃபீஸும் வந்துச்சு. நம்ம ஆளுங்கள்லயும் பழைய தலைமுறை நெறைய பேரு பெல் லேப்ஸ், அப்புறம் லூசன்ட்னு அந்த வழியாத்தான் இந்தப் பக்கம் வந்து சேர்ந்தாங்க, அரோரா பாலாஜி கோயில்ல பெரியவங்க யார்கிட்ட பேச்சுக் குடுத்தாலும் அந்தப் பேரு ஒரு தடவையாவது வரும். 1980-ல 42,000 பேரு இருந்த ஊரு 1990-ல 85,000, 2000-ல 1,28,000. இவ்ளோ வேகமா ஜனம் ஏறுனா ஒரு ஹைஸ்கூலு எப்படித் தாங்கும்? இந்த ஏத்தம் தொடங்குறப்பவே, 1975-ல, நேப்பர்வில் நார்த்னு ரெண்டாவது ஸ்கூலத் தொறந்தாங்க, அதுவரைக்கும் வெறும் நேப்பர்வில் ஹைஸ்கூலா இருந்தது சென்ட்ரல்னு ஆச்சு. நேத்து வரைக்கும் ஒரே டீம்ல ஆடுன பசங்க, நடுவுல கோடு போட்டு நீ அந்தப் பக்கம் நான் இந்தப் பக்கம்னு ஆயிட்டாங்க. அண்ணன் ஒரு ஸ்கூலு, தம்பி ஒரு ஸ்கூலு கூட நடந்திருக்கும்.

ரைவல்ரின்னா யாரோ தூரத்து ஊர்க்காரன் மேல வர்ற பகைன்னு நெனச்சுட்டு இருந்தேன். இங்க பாத்தா எல்லாமே பாகப்பிரிவினைச் சண்டை. ஒண்ணா இருந்த வீடு ரெண்டானா எப்படி வெத்தலப்பெட்டி உனக்கா எனக்கான்னு நிப்பாங்களோ அப்படித்தான். சென்ட்ரலும் நார்த்தும் சில மைல் தூரத்துல இருக்கு, சின்ன வயசுல ஊரு பார்க்க நடத்துற பார்க் டிஸ்ட்ரிக்டோட ஒரே டீம்ல ஆடுன பசங்கதான் ஹைஸ்கூல் வந்ததும் எதிரெதிரா நிக்கிறாங்க, ஃபுட்பால்ல ரெண்டு பேருக்கும் ஆளுக்கு ரெண்டு ஸ்டேட் சாம்பியன்ஷிப் இருக்கு. நார்த்துக்கு 1992, 2007. சென்ட்ரலுக்கு 1999, 2013. சமமா இருக்குறதுனாலயே யாரும் வாய மூட மாட்டேங்குறாங்க. அந்த மேட்ச் நடக்குற வாரம் சூப்பர் மார்க்கெட்ல பில் போடுற பையன் கூட எந்தக் கலர் ரிஸ்ட் பேண்ட் போட்டிருக்கான்னு பாத்துட்டுத்தான் பேச்சுக் குடுக்கணும், சிவப்புன்னா சென்ட்ரல், நீலமும் ஆரஞ்சும்னா நார்த்.

சென்ட்ரல் பத்தி ஒரு சங்கதி சொல்லிடறேன், விளையாட்டுக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல, ஆனா சொல்லாம இருக்க முடியல. அந்த ஸ்கூல் கட்டடத்துக்குள்ள நெஜமான எகிப்து மம்மி ஒண்ணு இருக்கு. கண்ணாடிப் பெட்டிக்குள்ள. எங்க வீட்டுல இத யாரும் நம்பல, போய்ப் பாத்துட்டு வந்தவங்க சொன்னப்புறம்தான் நம்புனாங்க.

விளையாட்டுக்கு வருவோம். அந்த ஸ்கூல்லதான் கேண்டஸ் பார்க்கர் படிச்சாங்க. 2001 டிசம்பர்ல, 15 வயசுல, மேட்ச் நடுவுல பாஸ்கெட்பால டங்க் பண்ணாங்க, அதாவது எகிறிப் போய் கூடைக்குள்ள கையாலயே பந்த அடிச்சு எறக்குறது, ஸ்கூல் பொண்ணுங்க ஆட்டத்துல அப்ப அது ரொம்ப அபூர்வமான விஷயம். 2003, 2004 ரெண்டு வருஷமும் சென்ட்ரல் ஸ்டேட் சாம்பியன். 2004-ல நாடு முழுக்க இருந்து பொறுக்கியெடுத்த ஸ்கூல் பசங்களுக்கு நடந்த மெக்டொனால்ட்ஸ் டங்க் போட்டில ஆம்பளப் பசங்களத் தோக்கடிச்சு ஜெயிச்சாங்க. அப்புறம் பொண்ணுங்க தொழில்முறை பாஸ்கெட்பால் லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ, ஒலிம்பிக்ஸ் எல்லாம் உங்களுக்கே தெரிஞ்சிருக்கும். நான் சொல்ல வந்தது என்னன்னா, அந்த மாதிரி ஒரு ஆளு ஒரு ஸ்கூல்ல இருந்தா, கான்ஃபரன்ஸ்ல மத்த ஸ்கூல் பொண்ணுங்களுக்கு வேற வழியே கிடையாது, வருஷா வருஷம் அவங்களுக்கு எதிரா நின்னே ஆகணும். எங்கேயோ ஒரு அம்பது வீட்டுல "நான் கேண்டஸ் பார்க்கர கார்டு பண்ணேன் தெரியுமா, 30 பாயின்ட் வித்தியாசத்துல தோத்தோம்"னு சந்தோஷமா சொல்லிட்டிருப்பாங்க.

இப்ப அடுத்த பாகப்பிரிவினை. நேப்பர்வில்ல வீடு வாங்கப் போனீங்கன்னா புரோக்கர் மொதக் கேள்வியா 203-ஆ 204-ஆன்னு கேப்பாரு. ஊரு ஒண்ணுதான், ஸ்கூலுங்கள நடத்துற நிர்வாகம், அதாவது ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட், ரெண்டு. சென்ட்ரலும் நார்த்தும் 203. மேற்கால, தெக்கால அரோரா வரைக்கும் போறது 204, அதுல மூணு ஸ்கூலு. வாபான்ஸி 1975-ல வந்தது, கூட்டம் தாங்காம 1997-ல நியூக்வா, அதுவும் தாங்காம 2009-ல மெட்டியா. வாபான்ஸியும் மெட்டியாவும் இந்த மண்ணுல முன்னாடி இருந்த பொட்டவாட்டமி மக்களோட தலைவருங்க பேரு. மூணு ஸ்கூலோட கலரையும் பாருங்க, வாபான்ஸி பச்சையும் தங்கமும், நியூக்வா நீலமும் தங்கமும், மெட்டியா கறுப்பும் தங்கமும். பாகம் பிரிஞ்சாலும் பாட்டி நகைய ஆளுக்குக் கொஞ்சம் எடுத்துக்கிட்ட மாதிரி தங்கம் மூணு பேர்கிட்டயும் இருக்கு.

மெட்டியா வந்த கதை சுலபமா வரல. 2006-ல ஜனங்க ஓட்டுப் போட்டு ஸ்கூல் கட்டப் பணம் ஒத்துக்கிட்டாங்க. டிஸ்ட்ரிக்ட் ஒரு நிலத்தப் பாத்து வச்சிருந்துச்சு, அந்த நிலத்துக்கு என்ன வெலன்னு கோர்ட்டுக்குப் போச்சு, 2007-ல ஜூரி ஒரு ஏக்கருக்கு அஞ்சு லட்சம் டாலருக்கு மேல குடுக்கணும்னு சொன்னதும் இவங்க அத விட்டுட்டு அரோராவுல ஈயோலா ரோட்டுக்கு மாத்திட்டாங்க. எடம் மாறுனா எல்லைக் கோடும் மாறும். எந்தத் தெருப் பசங்க எந்த ஸ்கூலுங்கறது மாறும். "நியூக்வாவுக்குன்னு நெனச்சுத்தான் இந்த வீட்ட வாங்குனோம்"னு மீட்டிங் மீட்டிங்கா ஜனம் வந்து கத்துனாங்க, கேஸும் போட்டாங்க. அந்தக் கோபத்துல பாதி இன்னைக்கு மேட்ச் அன்னைக்கு கேலரில இருக்குன்னுதான் நான் நெனக்கிறேன். பசங்களுக்கு ஒண்ணும் தெரியாது, அவங்க சும்மா கத்துறாங்க. அப்பா அம்மாதான் எல்லைக் கோட்ட ஞாபகம் வச்சுட்டு கத்துறாங்க.

சீட்டுல ஆள் விலகுறது பத்தி சொன்னேன் இல்லையா. அது இங்கயும் நடந்துச்சு. டி.வி.சி இப்ப இருக்குற ஆளுங்களோட ஆரம்பிச்சது இல்ல. ரொம்ப வருஷம் வீட்டன் ஸ்கூலுங்க ரெண்டும், கிளென்பார்ட் நார்த்தும் இதுலதான் இருந்தாங்க. வீட்டன் சாதாரண ஊரு இல்ல, ரெட் கிரேஞ்ச்னு ஃபுட்பால் ஜாம்பவான் வளந்த ஊரு, லீவு நாள்ல ஐஸ் கட்டி தூக்கி வீடு வீடாப் போட்டே உடம்ப ஏத்துன ஆளு, 1924-ல இல்லினாய்ஸ் யுனிவர்சிட்டிக்காக மிச்சிகன எதிர்த்து மொத பன்னண்டு நிமிஷத்துல நாலு டச்டவுன், அதாவது பந்தோட எதிரியோட கடைசிக் கோட்டத் தாண்டுறது, போட்டவரு. அந்த ஊரு ஸ்கூலுங்க கிளம்பி 2018-ல டூகேன்னு புது கான்ஃபரன்ஸ் ஆரம்பிச்சிட்டாங்க. டூபேஜ் கவுன்ட்டில பாதி, கேன் கவுன்ட்டில பாதி, ரெண்டையும் ஒட்டுனா டூகேன், பேரு வைக்க ரொம்ப யோசிக்கல. அவங்க போனதும் இந்தப் பக்கம் ஆள் கொறஞ்சு போச்சு, அப்புறம்தான் டெகால்ப் வந்து சேர்ந்துச்சு.

ஆறு பேருன்னா என்ன கஷ்டம்னு கேக்கலாம். கணக்குப் போடுங்க. ஃபுட்பால் ரெகுலர் சீசன் ஒம்பது மேட்ச். கான்ஃபரன்ஸ்ல மத்த அஞ்சு பேரோட ஆளுக்கு ஒண்ணு, அஞ்சு மேட்ச் ஆச்சு. மீதி நாலு வெள்ளிக்கிழமைக்கு எங்க போறது? அக்டோபர் மாசம் மத்த கான்ஃபரன்ஸ்காரன் எல்லாம் தன் ஆளோட ஆடிட்டு இருப்பான், சும்மா இருக்குற டீமு கிடைக்காது, கல்யாண சீசன்ல மண்டபம் தேடுற மாதிரிதான். ஏ.டி-ங்க வேற மாநிலத்துக்கெல்லாம் போன் போடுவாங்க. கடைசில பக்கத்துல இருக்குற சவுத்வெஸ்ட் ப்ரெய்ரி கான்ஃபரன்ஸோட பேசி, நீங்களும் நாங்களும் கலந்து ஆடிக்கலாம்னு ஏற்பாடு பண்ணிக்கிட்டாங்க.

இந்தத் தலைவலி எங்களுக்கு மட்டும் இல்ல, மாநிலம் பூரா இருந்துச்சு. கான்ஃபரன்ஸே ஃபுட்பாலுக்கு வேணாம், ஐ.எச்.எஸ்.ஏ-வே ஊரு பாத்து குரூப் பிரிச்சுக் குடுக்கட்டும்னு 2018 டிசம்பர்ல ஸ்கூலுங்க ஓட்டுப் போட்டு, மயிரிழைல பாஸ் ஆச்சு. 2021-ல ஆரம்பிக்கிறதா இருந்துச்சு. ஒரே வருஷத்துல, 2019 டிசம்பர்ல, அதே ஸ்கூலுங்க திரும்ப ஓட்டுப் போட்டு வேணவே வேணாம்னுட்டாங்க. எனக்கு ஆச்சரியமா இல்ல. மேல இருந்து ஒருத்தன் அட்டவணை போட்டுக் குடுத்தா நூறு வருஷமா ஆடுற பக்கத்து ஊரு மேட்ச் தொலைஞ்சு போகும், அத எந்த ஊரு ஒத்துக்கும்?

கான்ஃபரன்ஸ் ஜெயிச்சா என்ன கெடைக்கும்? ஒரு கோப்பை, ஜிம் செவுத்துல தொங்குற பேனர்ல ஒரு வருஷம் எழுதுவாங்க, நல்லா ஆடுன பசங்களுக்கு ஆல் கான்ஃபரன்ஸ்னு ஒரு பட்டம். இவ்ளோதான். ஆனா இல்லினாய்ஸ்ல 1974 வரைக்கும் ஃபுட்பாலுக்கு ஸ்டேட் பிளேஆஃபே, அதாவது சீசன் கடைசில தோத்தா வெளியன்னு நடக்குற போட்டியே, கிடையாது, அதனால அதுக்கு முன்னாடி ஆடுன தாத்தாங்களுக்கு கான்ஃபரன்ஸ் ஜெயிக்கிறதுதான் ஒலகக் கோப்பை. இன்னைக்கும் அந்த வாசனை போகல.

பிளேஆஃபுக்கும் இதுக்கும் ஒரு முடிச்சு இருக்கு. 2001-ல இருந்து ரொம்ப வருஷமா நடந்த முறை என்னன்னா ஸ்கூல் சைஸ் பாத்துப் பிரிச்ச எட்டு கிளாஸ், ஒவ்வொண்ணுலயும் 32 டீமு, ஆக 256. ஒம்பதுல ஆறு மேட்ச் ஜெயிச்சா கவலையில்ல, உள்ள போயிரலாம். அஞ்சு ஜெயிச்சா வாசல்ல நிக்கணும். அப்ப என்ன பாப்பாங்கன்னா, நீ யாரோட ஆடுன, அவங்க மொத்தமா எத்தனை மேட்ச் ஜெயிச்சிருக்காங்கன்னு கூட்டுவாங்க, அதுதான் பிளேஆஃப் பாயின்ட். அதனால ஒரு வேடிக்கை நடக்கும். போன வாரம் உன்ன அடிச்சு நொறுக்குன பரம எதிரி இந்த வாரம் வேற எவன்கூடயோ ஆடுறப்ப, அவன் ஜெயிக்கணும்னு நீ போன்ல ஸ்கோர் பாத்துட்டே வேண்டிக்குவ. ஒரு அப்பா என் பக்கத்துல உக்காந்து, தன் பையன் ஆடுறத விட்டுட்டு எதிரி ஸ்கூல் ஸ்கோர ரெஃப்ரெஷ் பண்ணிட்டே இருந்தாரு. பையன் அந்த நேரம் பாத்து எதிராளிய மடக்கிக் கீழ தள்ளி ஒரு நல்ல டேக்கிள் பண்ணான், அவரு பாக்கல, பக்கத்துல இருந்த சம்சாரம் குடுத்த முறைப்ப நான் பாத்தேன்.

ஃபுட்பால் மட்டும்தான்னு நெனச்சுராதீங்க, நம்ம பசங்க நெறைய பேரு இருக்குறது மத்ததுலதான். டென்னிஸ், நீச்சல், கிராஸ் கன்ட்ரி, ட்ராக். பேட்மின்டன் இங்க ஸ்பிரிங் சீசன்ல, ஸ்டேட் போட்டி பொண்ணுங்களுக்குத்தான். சதுரங்கம் கூட ஐ.எச்.எஸ்.ஏ கணக்குல வருது, இத நெறைய நம்மவங்களுக்குத் தெரியல. ஒரு டீமுக்கு எட்டு போர்டு, மொத போர்டு ஜெயிச்சா 12 பாயின்ட், அடுத்தது 11-ன்னு கொறஞ்சு எட்டாவது போர்டுக்கு 5. மொத்தம் 68, அதனால 34-ஐ தாண்டுனா மேட்ச் உனக்கு. உங்க பையன் நல்லா ஆடுவான்னா மட்டும் இல்ல, சுமாரா ஆடுனாலும் எட்டாவது போர்டுக்கு ஆள் வேணும், போய் நிக்கச் சொல்லுங்க.

கீழ் வீட்டுத் தங்கச்சி கேட்ட கிராஸ் கன்ட்ரிக்கு வர்றேன், ஏன்னா மொத தடவ போறவங்களுக்கு ஸ்கோர் தலைகீழாத் தெரியும். ஏழு பசங்க ஓடுவாங்க, மொத அஞ்சு பேரு எத்தனாவதா வந்தாங்களோ அந்த நம்பரக் கூட்டணும், யாருக்குக் கம்மியோ அவங்க ஜெயிச்சாங்க. ஒரு டீமு 1, 4, 6, 9, 15-ன்னு வந்தா 35. இன்னொண்ணு 2, 3, 7, 12, 20-ன்னா 44, தோத்தாச்சு. ஆக அந்த அஞ்சாவதா ஓடுறான் பாருங்க, அவன்தான் மேட்ச முடிவு பண்றவன், மொதல்ல வர்றவன் ஃபோட்டோவுக்குத்தான். ஆறாவது ஏழாவது பசங்க நம்பர் சேராது, ஆனா எதிரியோட அஞ்சாவது ஆளுக்கு முன்னாடி வந்துட்டா அவன் நம்பர் ஒண்ணு ஏறும். அதனாலதான் எல்லாரும் முடிச்சப்புறமும் கோச்சுங்க தொண்ட கிழியக் கத்திட்டு இருப்பாங்க, பின்னாடி மூச்சு வாங்கிட்டு வர்ற ஒரு ஒல்லிப் பையனுக்காக.

இந்த விளையாட்டுல எங்க பக்கம் சாதாரணப் பக்கம் இல்ல. 2007-ல நியூக்வா பசங்க ஸ்டேட் ஜெயிச்சு, அதுக்கப்புறம் நாடு முழுக்க டீமுங்க வர்ற நைக்கி போட்டிலயும் ஜெயிச்சாங்க, பின்னாடி பெரிய ஓட்டக்காரரான கிறிஸ் டெரிக் ஓடுன டீமு அது. அதுக்கும் மேல, பக்கத்துல வெஸ்ட் சபர்பன் கான்ஃபரன்ஸ்ல எல்ம்ஹர்ஸ்ட் ஊரு யார்க் ஹைஸ்கூல்ல ஜோ நியூட்டன்னு ஒரு கோச் இருந்தாரு, 1962-ல இருந்து 2012 வரைக்கும் 28 தடவ ஸ்டேட் ஜெயிச்சு வச்சிருக்காரு, 2017-ல 88 வயசுல காலமானாரு. அவர் கான்ஃபரன்ஸ்ல இருந்த மத்த ஸ்கூல் கோச்சுங்கள நெனச்சுப் பாருங்க. ஒவ்வொரு அக்டோபரும் கான்ஃபரன்ஸ் மீட்டுக்குப் பச்சைச் சட்டை கூட்டம் வந்து எறங்கும், இவங்க ரெண்டாவது எடத்துக்குத்தான் சண்டை போடணும். ஆனா அப்படி ஆளோட வருஷா வருஷம் ஓடுனதுனால ரெண்டாவது வந்தவங்களும் ஸ்டேட்ல போய் நல்லா ஓடியிருக்காங்க.

நம்ம வீடுகள்ல அடுத்த கேள்வி என்னன்னு தெரியும், "இதனால காலேஜ் ஸ்காலர்ஷிப் கெடைக்குமா?" பெரும்பாலும் கெடைக்காதுங்க. அத எதிர்பாத்து சேத்துவிட்டா மூணாவது மாசம் உங்களுக்கும் கோச்சுக்கும் மனஸ்தாபம் வந்துரும். டென்னிஸ், பாஸ்கெட்பால் எல்லாம் ட்ரைஅவுட்னு ஆடவிட்டுப் பாக்குற தேர்வுல ஆள் கழிப்பாங்க, சேத்துக்கலன்னா போய் கோச்சுக்கிட்ட மார்க் லிஸ்ட்டோட நிக்காதீங்க, நான் ஒருத்தரப் பாத்திருக்கேன். கிராஸ் கன்ட்ரி, ட்ராக் மாதிரி விளையாட்டுல பொதுவா யாரையும் கழிக்க மாட்டாங்க, வந்தவங்களுக்கெல்லாம் சட்டை உண்டு, ஒம்பதாவதுல புதுசா வந்து யாரையும் தெரியாத பிள்ளைக்கு அத விட நல்ல எடம் கெடையாது. ஆகஸ்ட்டுக்கு முன்னாடி டாக்டர்கிட்ட ஃபிசிக்கல்னு சொல்ற உடம்பு செக்கப் பண்ணி ஃபார்ம் குடுத்துருங்க, அது இல்லாம பிராக்டிஸ்ல கூட நிக்க விட மாட்டாங்க.

பெத்தவங்களுக்கும் வேலை உண்டு. பூஸ்டர் கிளப்னு இருக்கும், கன்செஷன் ஸ்டாண்டுல நின்னு நாச்சோஸும் ஹாட் சாக்லேட்டும் விக்கணும். என் சம்சாரம் மொத வருஷம் பயந்துக்கிட்டேதான் போனா. இப்ப சீஸ் சாஸ் மெஷின் அவ கையில, யாரையும் தொட விடறதில்ல. எதிர் ஸ்கூல்காரங்க வந்து கேட்டா கொஞ்சம் கம்மியா ஊத்துறாளோன்னு எனக்கு ஒரு சந்தேகம்.

அப்படியே அந்தப் பக்கம் ஒரு நாள் கண்ண ஓட்டுனீங்கன்னா எதிர் கேலரில பாதி பேரு உங்களுக்குத் தெரிஞ்சவங்களா இருப்பாங்க. ஞாயித்துக்கிழமை தமிழ்ப் பள்ளில உங்க பொண்ணோட ஒரே பெஞ்சுல உக்காந்து ழகரத்தோட மல்லுக்கட்டுற பொண்ணு, வெள்ளிக்கிழமை ராத்திரி மூஞ்சில கறுப்பும் தங்கமும் பூசிக்கிட்டு உங்க டீம் தோக்கணும்னு கத்திட்டு இருக்கும். அவங்க அப்பா உங்களுக்குக் கைய ஆட்டுவாரு. நீங்களும் ஆட்டலாம், ஆனா ஸ்டூடன்ட் செக்ஷன்ல இருந்து உங்க பிள்ளை பாக்காத நேரமா பாத்து ஆட்டுங்க.

ஆக கீழ் வீட்டுத் தங்கச்சிக்கு நான் சொன்னதையே உங்களுக்கும் சொல்றேன். கோட்டு வேணாம். ஓட்டப் பந்தயம்னா பழைய ஷூ, ஃபுட்பால்னா ரெண்டு போர்வை, ஒண்ணு போத்திக்க, ஒண்ணு மடிச்சுக் கீழ போட. கேலரி பெஞ்சு அலுமினியம், அக்டோபர் கடைசில ராத்திரி எட்டு மணிக்கு அதுல வெறும் பேன்ட்டோட உக்காந்து பாத்தீங்கன்னா ஊருல கோடை காலத்துல மொசைக் தரைய நெனச்சு ஏங்குனதெல்லாம் மறந்து போயிரும். டிக்கெட் இப்ப போன்லதான், வீட்டுலயே எறக்கி வச்சுக்கோங்க, கேட்டுல சிக்னல் கெடைக்காது. உள்ள போனதும் எந்தப் பக்கம் உக்காரணும்னு யாரையாவது கேட்டுட்டு ஏறுங்க.